எம்மேல முறைப்பாடு குடுத்தவளையே ஆத்தா அனுப்பினா

வெள்ளிக்கிழமை பூசைக்கு வந்திருக்கிற அம்மாமாரே, எம்பேரு சரோஜா. மடுல்சீமைப் பக்கம் ஒரு தோட்டத்துல புள்ளக்காம்பராவுல வேலை. கொழுந்தெடுக்கப் போறவங்க கைக்கொழந்தைகளப் பாத்துக்குவேன். என்னைய பொலிஸ் புடிக்கப் போகுதுன்னு போன ஆடி மாசம் தெரிஞ்சிச்சு. மோசடிக் கேஸ்.

பதுளை டவுன்ல ஏஜென்சி வச்சிருந்த ஒருத்தன், வெளிநாட்டுல வயசானவங்களப் பாத்துக்கிற வேலை இருக்குன்னான். என் தங்கச்சி மகளுக்காகப் பேசப் போனவ, எங்க லயத்து வரிசை வீட்டுப் பொம்பளைகளையும் கூட்டிட்டுப் போனேன். நகைய அடகு வச்சு எல்லாரும் காசு கட்டுனாங்க. நாங்களும்தான் கட்டுனோம். ஒரு நாள் போனா ஆபிஸ் பூட்டிக் கெடக்கு. போன் வேலை செய்யல. ஆள் இல்ல.

அவன் எந்த ஊருன்னு யாருக்கும் தெரியாது. என்னைய எல்லாருக்கும் தெரியும். காச என் கையிலதான் குடுத்தோம்னு பொலிஸ்ல குடுத்த முறைப்பாட்டுல சொல்லிட்டாங்க. மொதல்ல போயி சொன்னது அடுத்த காம்பரா பாக்கியம் அக்கா. ரெண்டு வீட்டுக்கும் ஒரே செவுரு. மக விமலாவ அனுப்பத்தான் கட்டியிருந்தாங்க.

என் வீட்டுக்காரருக்கு ரெண்டு கிட்னியும் போச்சு. கெழமையில ரெண்டு நாள் பதுளை ஆஸ்பத்திரியில ரத்தம் சுத்தம் பண்ணணும். எங்களுக்குப் புள்ள இல்ல. நான் ரிமாண்டுக்குப் போனா அவர யாரு பஸ் ஏத்துவா?

லோயரம்மா ஒருத்தங்களப் பாத்தேன். "முன்பிணை கேப்போம். கெடச்சா, பொலிஸ் புடிச்சாலும் ரிமாண்ட் பண்ணாம பிணையில விட்டுருவாங்க. ஆனா எல்லாரும் உங்க கையில குடுத்தோம்னு சொல்றாங்களே சரோஜா. கஷ்டம்தான்" அப்டின்னாங்க.

கொஸ்லந்தயில தம்பி வீட்டுல போயி ஒளிஞ்சேன். அங்க லயத்துக்குப் பின்னால சின்ன மாரியம்மன் கோயில். தெனமும் போயி என்னையக் காப்பாத்துன்னு கேட்டேன். ஆத்தா வாயே தொறக்கல. வெளிய ஜீப் சத்தம் கேட்டா தம்பி பொண்டாட்டி மூஞ்சி வெளுத்துப் போகும். எல்லாம் முடிஞ்சிச்சுன்னே நெனச்சேன்.

ஒரு செவ்வாக்கெழமை நல்ல மழை. என் வீட்டுக்காரரு தனியா ஆஸ்பத்திரிக்குப் போற நாள். கோயில்ல ஈரத் தரையில விழுந்து கதறுனேன். "ஆத்தா, எனக்கு ஒண்ணும் வேணாம். நான் உள்ள போறேன். அவருக்கு மட்டும் ஒரு ஆள அனுப்பு."

பின்னேரம் அவரு போன்ல இருந்து அழைப்பு. பேசுனது பாக்கியம் அக்கா.

"சரோஜா, உன் வீட்டுக்காரரு பஸ் நிக்கிற ஹோல்ட்டுல மயங்கிக் கெடந்தாரு. வந்த வேன்ல ஏத்தி ஆஸ்பத்திரிக்குக் கொண்டாந்துட்டேன். இப்ப கண்ணத் தொறந்துட்டாரு."

சொல்லிட்டு அக்கா அழுதாங்க.

"அந்த நாசமாப் போனவன எங்க போயித் தேடுறது? உன்னையத்தானேடி தெரியும். அதான் உம்பேரச் சொல்லிட்டேன். காச நான் அவன் கையிலதான் குடுத்தேன். நீ வெளிய பெஞ்சில இருந்த."

"இத லோயரம்மாகிட்ட சொல்லுவீங்களாக்கா?"

"கோட்டுக்கே வந்து சொல்றேன். ஆனா என் காசு?"

சொன்ன மாதிரியே அக்கா பொலிசுக்குப் போயி மறுபடி வாக்குமூலம் குடுத்தாங்க. லோயரம்மா அதக் கோட்டுல எடுத்துச் சொன்னாங்க. நீதவான் சிங்களத்துல என்னமோ சொன்னாரு, எனக்கு வெளங்கல. லோயரம்மா திரும்பி, "முன்பிணை கெடச்சிருச்சு"ன்னப்ப அப்டியே ஒக்காந்துட்டேன். தம்பி பிணை கையெழுத்துப் போட்டான்.

கேஸ் இன்னும் முடியல. ஞாயித்துக்கெழமையானா பொலிஸ்ல போயி ஒப்பம் வைக்கணும். லயத்துல பாதிப் பேரு என்கூடப் பேசுறதில்ல. புள்ளைகள என்கிட்ட விடாம தோள்ல கட்டிட்டே மலைக்குப் போறவங்களும் இருக்காங்க. அவன் கெடைக்கல. என் வீட்டுக்காரரு எளச்சுக்கிட்டே போறாரு. ஆனா அவர பஸ் ஏத்துறது நான். அவரு கையப் புடிச்சிட்டுப் போறது நான். அதுக்குத்தான் ஆத்தா கால்ல விழுந்து நன்றி சொல்றேன்.

உங்களுக்கும் இப்படி ஒரு நாள் வரலாம். உங்களுக்காகக் கேட்டுக் கேட்டு நாக்கு வறண்டு போனா, இன்னொருத்தருக்காகக் கேளுங்க. ஆத்தா கேக்குறா.

இன்னிக்கி அர்ச்சனைக்கு எம்பேரு வேணாம். பாக்கியம் அக்கா அடகு வச்ச நகை இன்னும் திரும்பல. அவங்க மக விமலா பேரச் சொல்லுங்க.