சொல்லிக்காமல் போன பெண்

ஜப்பானில் வாயைத் திறந்தால் நாய் வருகிறது. தெரியாது, முடியாது, வேண்டாம், எல்லாவற்றுக்கும் கடைசியில் ஒரு ‘நாய்’. ‘இல்லை’ என்று அர்த்தமாம். வந்த புதிதில் அலுவலகத்தில் என்னைத்தான் திட்டுகிறார்கள் என்று முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தேன். பிறகு பழகிவிட்டது. போன வாரம் கேட்ட நாய் மட்டும் இன்னும் கடிக்கிறது.

நான் இங்கே அனிமே படங்களுக்கு வரைகிறவள். பேயும் ரத்தமுமான ஒரு மாயக்கதைப் படத்தில் எனக்குக் கிடைத்தது ஒரே ஒரு காட்சி. அரக்கனைத் தேடிப் புறப்படும் பெண் வாசலில் நின்று, திரும்பி, தாயைப் பார்த்து ‘இத்தெகிமாஸ்’ என்கிறாள். நம் ‘போயிட்டு வாரேன்’ அப்படியே. மதுரையில் வீட்டைவிட்டுக் கிளம்பும்போது வெறும் ‘போறேன்’ சொன்னால் அம்மா வாயிலேயே போடுவாள். மாட்டுத்தாவணியில் சென்னை பஸ் ஏறும்போது நான் திரும்பிப் பார்த்ததைத்தான் அந்தப் பெண்ணுக்கு வரைந்தேன்.

அந்தப் படத்தைத் துண்டு போட்டு டிவி தொடராக்கினார்கள். தமிழ் பேசி நம்மூர் சேனலிலும் வந்தது. வில்லாபுரத்தில் அம்மா பக்கத்து வீட்டு மதினியையும் கூப்பிட்டு உட்காரவைத்து, டிவி தெரியும்படி வீடியோ காலில் போனைச் சாய்த்து வைத்தாள். ஊர் எரிந்தது, தலை உருண்டது, விளம்பரம் வந்தது. அந்தப் பெண் கதவைத் திறந்தாள். அடுத்த நொடி காட்டில் நடக்கிறாள். அவ்வளவுதான். கடைசியில் எங்கள் பெயர்கள் ஓடும் இடத்தையும் மூட்டுவலித் தைலம் மூடிவிட்டது.

“என்னத்தே இது, ஆத்தாகிட்ட சொல்லிக்காம போயிருச்சு? ஓடுகாலி!” என்றாள் மதினி.

அம்மா போனைத் தன் பக்கம் திருப்பினாள். முகம் சுருங்கியிருந்தது. “இதுல நீ வரஞ்சது எதுத்தா?”

மறுநாள் எங்கள் பிரிவுத் தலைவரிடம் போய் நின்றேன். நேரம் போதவில்லை, கதை நகராத இடம் என்றார். தாயிடம் சொல்லாமல் போகிறாளே என்றேன். “ரத்தக் காட்சி எதையும் வெட்டவில்லையே” என்று எனக்கு ஆறுதல் சொன்னார். பிறகு, “ஷிகத்த கா நாய்.” ஒன்றும் செய்வதற்கில்லையாம். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. தலை உருள நேரம் இருக்கிறது, தைலத்துக்கு நேரம் இருக்கிறது, ஒரு மகள் திரும்பிப் பார்க்க நேரமில்லையா? யாரைக் கேட்டு வெட்டினார்கள்? நீங்களும் அந்தத் தொடரைப் பார்த்து அவளை ஏசியிருந்தால், தெரிந்துகொள்ளுங்கள்: அவள் சொல்லிக்கொண்டுதான் போனாள்.

மூலப் படம் நம்மூருக்கு வரவேயில்லை. அனுப்ப எனக்கு உரிமையுமில்லை. அன்று சாயங்காலம் இங்கே என் வீட்டுக்கு வந்ததும் அம்மாவை வீடியோ காலில் அழைத்தேன். போனை மேசையில் சாய்த்துவிட்டு, பையை மாட்டிக்கொண்டு வாசல்வரை நடந்து, கதவைத் திறந்து, திரும்பினேன்.

“இதாம்மா நான் வரஞ்சது. போயிட்டு வாரேன்.”

அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். “சரித்தா, பாத்துப் போயிட்டு வா.”

எந்த வீட்டிலிருந்து கிளம்புகிறேன் என்று தெரியாமல், திறந்த கதவைப் பிடித்தபடி நின்றேன்.