சஹனில் நான்காவது கை

ஆஸியா பீவியை நல்லவள் என்று சொல்ல ஆதாரம் போதாது. கெட்டவள் என்று சொல்லவும் போதாது. காரைக்காலில் அவளை இரண்டில் ஒன்றாகச் சொன்னவர்கள் எல்லாரும் ஏதாவது ஒரு கல்யாணச் சாப்பாட்டை மனத்தில் வைத்துக்கொண்டுதான் சொன்னார்கள்.

அவள் வேலை அழைப்புச் சொல்வது. கல்யாண வீட்டார் சார்பாகத் தெருத் தெருவாகப் போய், வீட்டுப் பெண்களின் முகத்தைப் பார்த்து, "இன்னார் வூட்டுலேர்ந்து ஸலாம் சொன்னாங்க, இன்ன கிழமை நிக்காஹ், பொம்பளைங்க எல்லாரும் வந்துடணும்னாங்க" என்று சொல்ல வேண்டும். பத்திரிகை தங்க எழுத்தில் வரலாம்; போனில் பாட்டோடும் வரலாம். அதெல்லாம் தகவல். ஆண்கள் ஆண்களுக்குச் சொல்வது ஆண்களுக்கு மட்டும். பெண்களுக்குப் பெண் வந்து வாயால் சொன்னால்தான் அழைப்பு. சொல்லாத வீட்டிலிருந்து ஒரு பெண் பூனைகூட வராது.

கல்யாணமான நான்காம் வருஷம் புருஷன் மலேசியாவுக்குப் போய் அங்கேயே இன்னொரு குடும்பமாகிவிட்டான். மகன் தௌஹீத் அப்போது கைக்குழந்தை. ஆஸியா பீவி ஒரு கறுப்புக் குடையை விரித்துக்கொண்டு வெயிலில் இறங்கியது அப்போதுதான். மகன் இன்று கத்தாரில் ஏசி மெக்கானிக். மருமகள் நுஸ்ரத் ஜவுளிக் கடையில் வேலை பார்க்கிறாள். குடைக்கு மட்டும் ஒரு கம்பி வளைந்திருக்கிறது. தெருமுனையில் அந்தக் கோணல் குடை தெரிந்தாலே, "யாரு வூட்டுக் கல்யாணம்?" என்று ஜன்னல்கள் கேட்கும்.

போன வருஷம் அந்தக் குடை மூலைக்குப் போயிற்று.

ஷரீபுன்னிசா வீட்டு மகள் கல்யாணம். நிச்சயத்தன்று ஷரீபுன்னிசாவின் ஓரகத்தி அஜீசுன்னிசா மாப்பிள்ளையை ஏற இறங்கப் பார்த்து, "மாப்புள்ளைய நிக்கச் சொல்லுங்க, பாப்போம்" என்றாள். மாப்பிள்ளை ஏற்கெனவே நின்றுகொண்டுதான் இருந்தார். கூடத்தில் எழுந்த சிரிப்பு ஷரீபுன்னிசாவின் நெஞ்சில் போய்த் தைத்தது. ஆஸியா பீவியைத் தனியாகக் கூப்பிட்டு, "தருமபுரத்துல அவ வூட்டை உட்டுடு" என்றாள். ஆஸியா பீவி விட்டாள். கல்யாணத்தன்று அஜீசுன்னிசாவின் புருஷன் மட்டும் தனியாக வந்து நிற்க, ஷரீபுன்னிசாவின் புருஷன் பெண்கள் பந்திக்கே வந்து, "என் தம்பி பொண்டாட்டிய யாரு அழைக்காம உட்டது?" என்று கத்தினார்.

ஷரீபுன்னிசா ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. "நான் எல்லா வூட்டுக்கும்தான் சொல்லச் சொன்னேன். இவதான் போகாமலே போனேன்னுட்டா. பொய்க்காரி" என்று, வாயில் சோற்றோடு உட்கார்ந்திருந்த ஆஸியா பீவியைக் காட்டினாள்.

ஆஸியா பீவி வாயிலிருந்த சோற்றோடு உண்மையையும் சேர்த்து விழுங்கினாள். அழைப்புச் சொல்பவளிடம் வீட்டார் சொல்லும் ரகசியம் வெளியே போகக் கூடாது என்பது தொழில் தர்மம். உண்மை தானாக வெளியே வரும் என்றும் நம்பினாள். உண்மைக்குக் கால் இருக்கிறது என்று பெரியவர்கள் யாரும் உத்தரவாதம் கொடுத்ததாகத் தெரியவில்லை. அது வரவில்லை. அதற்குப் பிறகு அவளை யாரும் கூப்பிடவும் இல்லை. அக்கா மகளையோ பக்கத்து வீட்டுக்காரியையோ அனுப்பிக்கொண்டார்கள். நூற்றுக்கணக்கான வாசல்கள் அவளைப் பெயர் சொல்லி வரவேற்றது போய், கடைத்தெருவில் பார்த்தால், "உடம்பு நல்லா இருக்கா லாத்தா?" என்று அக்கா முறை வைத்து விசாரிப்பதோடு நகர்ந்தார்கள். அவளுக்குப் போனது வேலை மட்டுமல்ல. அவள் சொல் செல்லாமல் போயிற்று. சொல்லையே தொழிலாக வைத்திருந்தவளுக்கு மிச்சம் என்ன இருக்கிறது?

இந்த நிலையில்தான் அந்தப் படம் வந்தது.

வெள்ளிக்கிழமை, சாப்பாட்டுக்குப் பிறகு நுஸ்ரத் டிவியில் போட்டாள். வெளிநாட்டு உளவுப் படம், தமிழில் பேசியது. கதாநாயகன் உளவுத் துறை அலுவலகத்தில் பல் டாக்டர். உளவாளிகளின் சொத்தைப் பல்லைப் பிடுங்குவதுதான் அவன் வேலை. அவன் தம்பியை நாலு பேர் கொன்றுவிடுகிறார்கள். மேலதிகாரி, "வீட்டுக்குப் போய் உன் கொறடை மட்டும் பிடி" என்கிறார். அவன் பல் பிடுங்கும் குறடோடு விமானம் ஏறிவிடுகிறான். சுடத் தெரியாது, ஓடினால் மூச்சு வாங்கும். ஆனால் எவனாக இருந்தாலும் பல் வலி வந்தால் அவன் முன்னால் வாயைத் திறந்துதானே ஆக வேண்டும்?

படமாகப் பார்த்தால் பெரிய விசேஷமில்லை. ஒருவனைப் பழிவாங்க ஒரு பாலம், இரண்டு ஹெலிகாப்டர், ஒரு மீன் சந்தை என்று வீணாக்கியிருந்தார்கள். அழ வேண்டிய இடத்தில் மழை பெய்தது. ஆஸியா பீவி கண்ணை எடுக்காமல் பார்த்தாள்.

"இவன எப்படிப் புள்ள எல்லாரும் உள்ள உடுறாங்க?" என்று கேட்டாள்.

"பல் டாக்டர யாரு மாமி சந்தேகப்படுவா?"

"அப்ப என்னையும் சந்தேகப்படமாட்டாங்க" என்றாள் ஆஸியா பீவி.

நுஸ்ரத் சத்தத்தைக் குறைத்தாள். "மாமி, எதுவா இருந்தாலும் உங்க மவன் போன் பண்றப்ப நான் சொல்லிடுவேன்."

"சொல்லு. கத்தார்லேர்ந்து ஹெலிகாப்டர்ல வரட்டும்."

ஷரீபுன்னிசாவின் மகனுக்கு அடுத்த ஞாயிற்றுக்கிழமை கல்யாணம் என்பது ஊருக்கே தெரியும். அஜீசுன்னிசாவுக்குப் பெண் அழைப்பு இந்த முறையும் போகவில்லை என்பதும் தெரியும். ஷரீபுன்னிசா வீம்பில் யாரையும் அனுப்பவில்லை. புருஷனிடம் மட்டும் "அழைச்சாச்சு" என்று சொல்லியிருந்தாள். ஆஸியா பீவியின் திட்டம் எளிமையானது. அஜீசுன்னிசாவுக்கு அழைப்புச் சொல்லிவிட வேண்டும். அந்த வாய் மண்டபத்துக்குள் நுழைந்தால் மீதியை அதுவே பார்த்துக்கொள்ளும். புதுச் சம்பந்தி முன்னால் ஓரகத்திகள் இருவரும் ஒருவரையொருவர் கிழித்துக்கொள்ளட்டும். மண்டப வாசலில் செருப்புகள் பக்கத்தில் நின்று அதைப் பார்க்க வேண்டும் என்பது அவள் ஆசை.

மாறுவேடமாகக் குடையை வீட்டிலேயே வைத்துவிட்டுப் போனாள். தருமபுரத்தில் இறங்கியதும் ஆட்டோக்காரரே, "குடை எங்க லாத்தா? வெயிலு கொளுத்துது" என்றார். அங்கே தொடங்கி அஜீசுன்னிசாவின் வாசல் வரை ஊரே அவள் குடையைப் பற்றி விசாரித்தது. உளவு வேலைக்கு இதைவிட மோசமான தொடக்கம் இருக்க முடியாது.

அஜீசுன்னிசா கதவைத் திறந்தாள். முகம் இறுகியது.

"என்னா, இந்தத் தடவை வழி தெரிஞ்சிச்சா?"

ஆஸியா பீவிக்கு ஒரு சங்கடம். சொல்லாத ஸலாத்தைச் சொன்னதாகச் சொல்வது பாவம். அந்த அளவுக்கு அவள் இறங்கத் தயாராக இல்லை. பழிவாங்குவதைப் பற்றி அவளுக்கு அப்படிச் சங்கடம் எதுவும் இருந்ததாகத் தெரியவில்லை. ஸலாத்தை மட்டும் கழற்றிவிட்டு மீதியைச் சொன்னாள்.

"ஷரீபுன்னிசா வூட்டுல மவனுக்கு ஞாயித்துக்கிழமை நிக்காஹ். பொம்பளைங்க எல்லாரும் வந்துடணும்."

ஒவ்வொரு சொல்லும் உண்மை. பழக்கத்தில் அஜீசுன்னிசா, "வ அலைக்கும் ஸலாம்" என்றாள். காணாமல் போனதை அவளே நிரப்பிக்கொண்டாள். பிறகு கதவில் சாய்ந்துகொண்டாள்.

"அவளா உன்னைய அனுப்புனா? உன்னையத்தானே அன்னைக்கு அசிங்கப்படுத்துனா?"

ஆஸியா பீவி முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். அது பதில் அல்ல, வெயில். அஜீசுன்னிசாவுக்கு அதுவே பதிலாகப் போயிற்று.

"உக்காரு" என்றாள்.

அழைப்புச் சொல்ல வந்தவள் எந்த வீட்டிலும் உட்காரக் கூடாது. உட்கார்ந்தால் உட்காராத வீட்டுக்குக் கோபம் வரும். ஆஸியா பீவி உட்கார்ந்தாள். ரோஸ் மில்க் வந்தது. குடிக்கும்போது நிமிர்ந்து பார்த்தால், அஜீசுன்னிசாவின் கண் கலங்கியிருந்தது.

"ஒரு வருஷமா எங்கூட அவ பேசல. நானும் பேசல. கூடப் பொறந்தவ மாதிரி இருந்தோம். அவளே எறங்கி வந்து ஆளு அனுப்புறான்னா..."

ஆஸியா பீவி ரோஸ் மில்க்கைக் கீழே வைத்தாள். வெடிகுண்டு வாங்க வந்த இடத்தில் குண்டு அழுதால் என்ன செய்வது? படத்தில் இதற்கு வழி காட்டவில்லை.

ஞாயிற்றுக்கிழமை மதியம் அவள் மண்டப வாசலில், செருப்புகளுக்கு அருகே நின்றாள். அஜீசுன்னிசா பெரிய தட்டில் வட்டலாப்ப இனிப்போடு வந்து இறங்கினாள். உள்ளே ஷரீபுன்னிசா சம்பந்தியம்மா சுல்தான் பீவியின் கையைப் பிடித்துக்கொண்டு நின்றவள், ஓரகத்தியைக் கண்டதும் சுவரில் அடித்த ஆணி போல நின்றாள்.

"மச்சி!" என்று முறை சொல்லி அஜீசுன்னிசா கட்டிக்கொண்டாள். "நீங்க ஆஸியாவ அனுப்பி வச்சதுக்கப்புறம் நான் வராம இருப்பேனா?"

ஷரீபுன்னிசாவின் பார்வை அவள் தோளுக்கு மேலாகப் பறந்துவந்து ஆஸியா பீவியின் மேல் விழுந்தது. சம்பந்தியம்மா பார்த்துக்கொண்டிருந்தாள். அனுப்பவில்லை என்றால், அழைக்கவில்லை என்று ஆகும். புருஷனிடம் சொன்ன பொய் வேறு இருக்கிறது.

"ஆமாமா" என்றாள் ஷரீபுன்னிசா. "அனுப்பாம இருப்பேனா?"

அவ்வளவுதான் சண்டை. ஆஸியா பீவி திரும்பி நடக்கப் பார்த்தாள். அஜீசுன்னிசா ஓடிவந்து கையைப் பிடித்தாள். "எங்க போற? அழைச்சவ சாப்புடாம போவியா? எங்க சஹன்லயே உக்காரு."

சஹன் என்றால் பெரிய வட்டத் தட்டு. நெய்ச்சோறு நிரப்பி, கறியையும் கத்திரிக்காயையும் நடுவில் வைத்து, நாலு பேர் சுற்றி உட்கார்ந்து ஒரே தட்டில் சாப்பிடுவது. நல்ல துண்டை மற்றவர் பக்கம் தள்ளிவிடுவது மரியாதை. நாலு பேரும் முடிக்கும்வரை யாரும் எழக் கூடாது. ஒருத்தி பாதியில் எழுந்தால், இந்த வீட்டுச் சோறு எனக்கு இறங்கவில்லை என்று ஊருக்கு அறிவித்ததாக அர்த்தம்.

ஷரீபுன்னிசா, அஜீசுன்னிசா, சுல்தான் பீவி, நான்காவதாக ஆஸியா பீவி. பாதிச் சோறு இறங்கியதும் அஜீசுன்னிசா சாதாரணமாகக் கேட்டாள்.

"ஏன் மச்சி, போன வருஷம் இவ எப்படித்தான் எங்க வூட்டை மறந்தா?"

ஆஸியா பீவி சோற்றைப் பிசைந்தபடி காது கொடுத்தாள்.

"மறக்கல்லாம் இல்ல" என்றாள் ஷரீபுன்னிசா, எலும்பை உறிஞ்சியபடி. "நான்தான் போவேணாம்னேன். நீங்க மாப்புள்ளைய அப்படிச் சொன்னீங்கள்ல, கோவம். உட்டுத் தள்ளுங்க. அந்தக் கத்திரிக்காய இந்தப் பக்கம் தள்ளுங்க."

"இப்பவும் அவரு குட்டைதான் மச்சி."

இருவரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். விஷயம் தெரியாத சுல்தான் பீவியும் மரியாதைக்குச் சிரித்தாள்.

ஒரு வருஷம் ஒருத்தியின் நெஞ்சில் கிடந்து அழுத்தியது, இன்னொருத்தியின் வாயிலிருந்து எலும்புத் துணுக்கைப் போல வெளியே வந்து விழுந்தது. அடித்தவருக்கு அடி அவ்வளவு எடைதான் இருக்கும் போலிருக்கிறது. ஆஸியா பீவி விரல்களில் ஒட்டியிருந்த சோற்றை சஹனில் உதிர்த்தாள். இடது கையைத் தரையில் ஊன்றினாள்.

"என்னாடி பண்றே?" என்றாள் ஷரீபுன்னிசா, உதடு அசையாமல்.

"எந்திரிக்கப் போறேன் லாத்தா."

"பைத்தியமா? பாதி சஹன்லயா? எல்லாரும் பாக்குறாங்க."

"அன்னைக்கும் பாத்தாங்க. ஊரு முன்னால என்னையப் பொய்க்காரின்னீங்க. இப்ப சஹனுக்குள்ள மட்டும் உண்மையச் சொல்றீங்க. சபையில போட்டத சபையிலதான் எடுக்கணும்."

"சாப்புட்டு முடிச்சிட்டுப் பேசுவோம், உக்காரு."

"சாப்புட்டதுக்கப்புறம் எந்திரிச்சா யாரு பாப்பா லாத்தா?"

அவள் முழங்கால் தரையைவிட்டுக் கிளம்பியது. பக்கத்து சஹன்களில் கைகள் நின்றன. சுல்தான் பீவி, "என்னாச்சு?" என்று மூவரையும் மாறி மாறிப் பார்த்தாள்.

ஷரீபுன்னிசா தண்ணீரை ஒரு மடக்குக் குடித்தாள். பிறகு, பந்தியில் கறி கேட்கும் அதே உரத்த குரலில் சொன்னாள்.

"இந்தாங்க, எல்லாரும் கேட்டுக்குங்க! போன வருஷம் எங்க மவ கல்யாணத்துல ஆஸியா ஒரு வூட்டை உட்டுட்டான்னு சொன்னேன்ல? அவளா உடல. நான்தான் உடச் சொன்னேன். அவ மேல குத்தமில்ல. போதுமா?"

பின்வரிசையிலிருந்து ஒரு குரல் வந்தது. "அது எங்களுக்கு அப்பவே தெரியும் லாத்தா! சோறு ஆறுது, சாப்புடுங்க!"

சிரிப்பு கூரையில் போய் முட்டியது.

ஆஸியா பீவிக்கு உடனே புரியவில்லை. புரிந்தபோது காது சுட்டது. தெரிந்திருக்கிறது. தெரிந்துகொண்டே ஒரு வருஷம் அவளைக் கூப்பிடாமல் இருந்திருக்கிறார்கள். ஷரீபுன்னிசாவைப் பகைத்துக்கொள்வதைவிட ஒரு குடையை மறந்துபோவது சுலபம். இத்தனை பேரையும் பழிவாங்க அவளிடம் இன்னும் எத்தனை சஹன் இருக்கிறது? ஆனால் ஒன்று: அப்போது தெரிந்தது மட்டும்தான், யாரும் சொல்லவில்லை. இப்போது சொல்லியாயிற்று. சொன்னதைத் தெரியாதது போல் வைத்துக்கொள்ள ஊராலும் முடியாது.

ஷரீபுன்னிசா அவள் முகத்தைப் பார்க்காமல், கறியின் பெரிய துண்டை அவள் பக்கம் தள்ளினாள். ஆஸியா பீவி அதை ஒரு முறை பார்த்தாள். உட்கார்ந்தாள். துண்டை எடுத்துக்கொண்டாள். மன்னித்தாளா என்று தெரியாது. கறி நன்றாக வெந்திருந்தது.

வீட்டுக்கு வந்து நுஸ்ரத்திடம் எல்லாவற்றையும் சொன்னாள். கடைசியில், "அந்தப் பல் டாக்டர் நாலு பேரையும் முடிச்சிட்டு வூட்டுக்கு வந்து என்னா சாப்புட்டான்?" என்று கேட்டாள்.

"ஒண்ணும் சாப்புடல மாமி. ஜன்னல் வழியா மழையைப் பாத்துக்கிட்டு நின்னான்."

"மடையன்" என்றாள் ஆஸியா பீவி.

கொஞ்ச நாள் கழித்து சுல்தான் பீவியிடமிருந்து போன் வந்தது. பேத்திக்குக் காது குத்து, அழைப்புச் சொல்ல வர முடியுமா என்று கேட்டாள்.

"வரலாம். எந்த வூட்டையாச்சும் உடணுமா?"

மறுமுனையில் ஒரு செருமல். "அது வந்து, ஒரே ஒரு வூடு..."

"அப்ப மொத அந்த வூட்டுக்குத்தான் போவேன். சம்மதமா?"

ஆஸியா பீவி போனைத் தோளில் இடுக்கிக்கொண்டு, மூலையிலிருந்த குடையை எடுத்துத் தூசி தட்டினாள்.

"சரி, போங்க" என்றாள் சுல்தான் பீவி.