வேலிக்குள் கிடந்த பாதை

யாழ்ப்பாணத்தை விட்டு வரும்போது நான் இவரிடம் வைத்த நிபந்தனை ஒன்றே ஒன்றுதான். போன கையோடு வளவைச் சுற்றி வேலி அடைக்க வேண்டும். துணுக்காய்ப் பக்கம், குளத்துக்குக் கீழே அரசாங்கம் காணி கொடுத்திருந்தது. கலியாணம் முடித்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. "ரெண்டு போகம் செய்து பாப்பம், பிடிக்காட்டித் திரும்பிப் போவம்" என்று இவர் சொன்னதை நம்பித்தான் லொறியில் ஏறினேன்.

வந்த நாள் முதல் எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. எங்கள் ஊரில் படலையைத் திறந்தால் ஒழுங்கை, ஒழுங்கை முடிகிற இடத்தில் கோயில். இங்கே எந்தப் பக்கம் திரும்பினாலும் காடு. பின்னேரமானால் குளக்கட்டில் ஏறி, யாழ்ப்பாணம் இருக்கிற வடக்குப் பக்கம் பார்த்துக்கொண்டு நிற்பேன். இறங்கி வந்தால் மறுபடி ஏறவேண்டும் போலிருக்கும். "பேய் பிடிச்ச மாதிரி ஏன் ஏறி இறங்குறாய்?" என்று இவர் கேட்பார். ஆளில்லாத காட்டில் பேய் யாரைப் பிடிக்க வரப்போகிறது என்பேன்.

கிளுவைக் கொப்புகளை வெட்டிக் கதியாலாக நட்டு இவர் வேலி அடைத்த அன்றைக்குத்தான் நிம்மதியாகத் தூங்கினேன். சில நாளில், குளத்துக்கு அந்தப் பக்கமிருந்த பழைய ஊரிலிருந்து ஒரு பெரியவர் வந்தார். "பிள்ளை, இதுக்குள்ளாலை எங்கட பாதை ஒண்டு போகுது" என்றார். பார்த்தேன். புல்தான் கிடந்தது. மாடு சாய்த்துப்போகிற வழியாக்கும் என்று நினைத்து, "சுத்திப் போங்கோ அப்பு" என்றேன். இவ்வளவு காடு கிடக்க, என் வளவுக்குள்தானா நடக்கவேண்டும் என்ற எரிச்சல் எனக்கு. அவர் திரும்பிப் போய்விட்டார்.

மாரி மழைக்குக் கதியால்கள் துளிர்த்தன. ஒருநாள் காலை, இவர் வயலில் நின்ற நேரம், பறைமேளம் கேட்டது. வெளியே வந்தால், வேலியோடு முட்டியபடி ஒரு பாடை. சுமந்தவர்களுக்கு முன்னால் அதே பெரியவர். எங்கள் வளவுக்குப் பின்னால், ஓடைக்கரையில்தான் அவர்களுடைய சுடலை என்பது அப்போதுதான் எனக்குத் தெரியவந்தது.

"செத்த ஆளை வழி மாத்திக் கொண்டுபோறதில்லை, பிள்ளை. வேலிக்கு மேலாலை தூக்கிறதும் இல்லை" என்றார்.

ஒருவரும் வேலியில் கை வைக்கவில்லை. பாரத்தைத் தோள் மாற்றிக்கொண்டு என்னையே பார்த்து நின்றார்கள். அந்த வேலியும் போனால் இந்தக் காட்டில் என்னுடையது என்று சொல்ல என்ன இருக்கிறது? அழுகையும் கோபமுமாகக் கத்தியை எடுத்து வந்து கட்டுகளை வெட்டினேன். கதியாலை இழுத்தால் வரவில்லை. வேர் விட்டிருந்தது. பெரியவரும் வந்து மறுபக்கம் பிடித்தார். பின்வேலியையும் அப்படியே பிடுங்கினோம். நான் சமைக்கிற குசினியைத் தாண்டிப் பாடை போனது.

எல்லாரும் போனபின் பெரியவர் மட்டும் நின்றார். மண் அப்பிய என் கைகளைப் பார்த்தார்.

"கவலைப்படாதை பிள்ளை. உன்ரை காலம் வந்தால் உன்னையும் நாங்கள்தான் இதாலை கொண்டுபோவம்."

அன்பாகத்தான் சொன்னார். நான் பிடுங்கிய கதியால்களுக்குப் பக்கத்தில் குந்தியிருந்து, இவர் வயலிலிருந்து வரும்வரை அழுதேன். யாழ்ப்பாணத்துக்கு இனி நான் விருந்தாளியாகத்தான் போவேன் என்பது எனக்குத் தெரிந்துவிட்டது.