சட்டியைப் பிடித்தவள்

அன்று நடந்தவை, நடந்த வரிசையில்:

1. பவானிபூரில் எங்களுக்கு மேல் மாடியில் குடியிருந்த மாமியின் மூத்த மகளுக்குக் குழந்தை பிறந்தது. நீலம் பாரித்திருந்தது. அழவில்லை.
2. மருத்துவப் பள்ளியில் கற்றபடி வாயைத் துடைத்தேன், முதுகைத் தேய்த்தேன், மூச்சு ஊதினேன். அசைவில்லை.
3. கூட இருந்த வங்காளி மருத்துவச்சி, தொப்புள்கொடியை அறுக்காமலே பின்னால் வந்த நஞ்சுக்கொடியைத் தணற்சட்டியில் போட்டு வாட்டினாள். சட்டியை என்னைப் பிடிக்கச் சொன்னாள். விரலில் கொப்புளம் எழுந்தது.
4. குழந்தை அழுதது.
5. துணியில் சுற்றி வெளியே கொண்டுவந்தேன்.

ஐந்தில் தவறில்லை. மருத்துவச்சி தீட்டு, பின்படியில் வந்து பின்படியிலேயே போகவேண்டியவள். யாராவது கொண்டுவரத்தான் வேண்டும். தவறு ஆறாவது. மாமி என் கையைப் பிடித்துக்கொண்டு, "உன் கையால பொழச்ச கொழந்தைடீ இது" என்றாள். நான் பேசாமல் நின்றேன்.

பதின்மூன்று வயதில் தாலி இழந்தவள் நான். மாமி வெளியே கிளம்பும்போது நான் எதிரே வந்துவிட்டால், உள்ளே திரும்பி ஒரு வாய் தண்ணீர் குடித்துவிட்டுத்தான் போவாள். அவள் என்னைத் தொட்டது அன்றுதான் முதல்முறை. இப்போது படியில் என்னைப் பார்த்துவிட்டுக் கிளம்புகிறாள்.

பள்ளியில் காட்டவேண்டிய பிரசவக் குறிப்பேட்டில் 'செயற்கைச் சுவாசம். குழந்தை பிழைத்தது' என்று எழுதினேன். சட்டி அதில் இல்லை. தெருவின் தமிழ் வீடுகள் என்னைக் கூப்பிடத் தொடங்கின. கதையும் வீட்டுக்கு வீடு வளர்ந்தது. ஒரு மணி நேரம் ஊதினேனாம். அந்த அறையை நினைத்தால் இப்போது எனக்கும் அப்படித்தான் தெரிகிறது: என் வாய், என் கை, பிறகு அழுகை. சட்டியின் சூட்டை முயன்றுதான் நினைவுக்குக் கொண்டுவருகிறேன். நஞ்சுக்கொடியை வாட்டினால் மூச்சு வரும் என்று என் பாடப்புத்தகம் சொல்லாது. ஆனால் அன்று, அந்த அறையில், சட்டியால்தான் என்பதில் எனக்குச் சந்தேகமே இருக்கவில்லை.

போன வாரம் சந்தை முனையில் மருத்துவச்சியைப் பார்த்தேன். தமிழர் வீடுகளில் அவளுக்கு வேலை நின்றுவிட்டது, கீரை விற்கிறாள். தலையைக் குனிந்து கடக்கப் பார்த்தேன். அவள் தன் மொழியில் அக்கா என்று கூப்பிட்டுக் கேட்டாள்: "தீதி, சட்டி பிடிச்ச கை ஆறிடுச்சா?"

கேலியா, உண்மையான விசாரிப்பா, தெரியவில்லை. ஆறிவிட்டது என்றேன்.

மாமியின் இளைய மகளுக்கு அடுத்த மாதம் பிரசவம். மாமி என்னிடம்தான் சொல்லிவைத்திருக்கிறாள். மருத்துவச்சியையும் கூப்பிடவேண்டும் என்று நான் இன்னும் சொல்லவில்லை.