ஆடிக்கு எங்கே இருந்தாய் என்று கேட்டவர்

நாற்பது ஆண்டுகளாக நான் எழுதியவையெல்லாம் ஸ்கேன் அறிக்கைகள். ஒருவரை நினைத்து எழுதுவது இதுவே முதல்முறை. சொல்ல வேண்டியதை முன்கூட்டியே வரிசைப்படுத்திக்கொள்ளாவிட்டால் எனக்குப் பதற்றமாகிவிடும். ஆகவே, கீழே வரப்போகிறவை:

1. செய்தி வந்த காலை.
2. டாக்டர் சாந்திமதி வேலை செய்த விதம்.
3. பரிமளாவின் முதல் குழந்தைக்கு, பிறந்தபின் நாங்கள் கண்டுபிடித்தது.
4. இரண்டாவது குழந்தைக்கு, பிறக்கும் முன்பே நான் கண்டுபிடித்துவிட்டதாக நினைத்தது.
5. எனக்கிருந்த சந்தேகமும் பயமும் அவருக்கு இருந்ததில்லை என்பது.

செவ்வாய்க்கிழமை காலை, அந்த வாரத்து மாத்திரைகளைக் கிழமைவாரியாகப் பெட்டியில் பிரித்துப் போட்டுக்கொண்டிருந்தேன். எங்கள் ஸ்கேன் மையத்தின் வரவேற்பு மேசையில் இருக்கும் செல்வி தொலைபேசியில் அழைத்தாள். "சார், மேடம் தூக்கத்துலயே போய்ட்டாங்க சார்" என்றாள். எந்த மேடம் என்று கேட்டேன். எங்களுக்கு இருந்தது ஒரே மேடம்தான். கேட்டபிறகே அது உறைத்தது. வியாழனுக்கு இரண்டு மாத்திரை போட்டுவிட்டேன் என்பதை மறுநாள்தான் பார்த்தேன்.

உங்களில் பலர் அவரிடம் வயிற்று ஸ்கேன் எடுத்துக்கொண்டவர்கள், அல்லது எடுத்துக்கொண்டவர்களின் பிள்ளைகள். அந்தி சாய்வதற்கு முன் அரைமணி நேரம் ஸ்கேன் அறைக் கதவு மூடியிருக்குமே, நினைவிருக்கும். அவர் தாமல் பக்கத்துச் சமண விவசாயக் குடும்பத்துப் பெண். பொழுது சாய்ந்தால் சாப்பிட மாட்டார். வெளியே காத்திருப்பவர்கள் முணுமுணுக்க மாட்டார்கள். "டாக்டரம்மா துன்னுட்டு வரட்டும், அப்பதான் நிதானமா பாப்பாங்க" என்று ஒரு கிழவி புதிதாக வந்தவர்களுக்கு விளக்கிக்கொண்டிருந்ததை நானே கேட்டிருக்கிறேன்.

அவர் என்னைவிட ஆறு வயது இளையவர். வயிற்று ஸ்கேன் அவர் பொறுப்பு, எம்.ஆர்.ஐ. என் பொறுப்பு. என் அறிக்கைகளில் 'இருக்கலாம்', 'தோன்றுகிறது' என்ற சொற்கள் அதிகம். "சார் 'இருக்கலாம்'னு எழுதறத நிறுத்தினா நமக்குப் பாதிக் காகிதம் மிச்சம்" என்று சிரிப்பார். ஆனால் கடினமான படம் எதையும் அவர் பார்க்காமல் நான் வெளியே அனுப்பியதில்லை. அது என் கோழைத்தனம் என்றே நினைத்து வந்தேன்.

கர்ப்பிணிகளிடம் கடைசியாக விலக்கான தேதி எது என்று அவர் கேட்கவே மாட்டார். கருட சேவைக்கு முன்னயா, பின்னயா? பொங்கலுக்கு வீடு மெழுகினப்போ குளிச்சாச்சா, இல்லையா? இப்படித்தான் கேட்பார். நான் காரணம் கேட்டதற்கு, "தேதிய யாரும் ஞாபகம் வச்சிக்க மாட்டாங்க சார். டாக்டர் கேக்கறாளேன்னு ஏதோ ஒண்ணு சொல்லுவாங்க. திருநாளக் கேட்டா பொய் வராது" என்றார். அதை ஒரு வேடிக்கையான பழக்கமாக மட்டுமே நான் எடுத்துக்கொண்டேன்.

பரிமளா தாமலில் பிறந்து கூரத்துக்கு வாழ்க்கைப்பட்டவள். கணவர் குமரேசன் வேன் ஓட்டுகிறார். அவர்களுடைய முதல் குழந்தை யாழினியை நான்கு மாதத்தில் எங்களிடம் கொண்டுவந்தார்கள். கழுத்து நிற்கவில்லை. கைகால்கள் திடுக்திடுக்கென்று உதறின. மருந்து கொடுத்துத் தூங்கவைத்து எம்.ஆர்.ஐ. எடுத்தேன். மூளையின் மேற்பரப்பில் இருக்க வேண்டிய மேடுபள்ளங்கள் இல்லை. வழவழவென்று, தடித்த ஓரத்தோடு, இரண்டு பக்கமும் லேசாக ஒடுங்கி, குறுக்குவெட்டுப் படம் எட்டு என்ற எண்ணைப் போல இருந்தது. லிஸ்ஸென்செபலி என்பார்கள். அந்தப் படத்தில் 'இருக்கலாம்' என்று எழுத எனக்கே இடமில்லை.

பெற்றோரிடம் சொல்லும் வேலையை டாக்டர் சாந்திமதி எடுத்துக்கொண்டார். தன் புடவையின் கொசுவத்தைத் தொட்டுக் காட்டினார். "மூளைன்னா இது மாதிரி மடிப்பு மடிப்பா இருக்கணும்மா. பாப்பாவுக்கு மடிப்பு விழல. நீ துன்னது, நீ செஞ்சது எதனாலயும் இல்ல." பரிமளா நெடுநேரம் அந்தக் கொசுவத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, "வயித்துல இருக்கச்ச நீங்கதானே பாத்தீங்க, நல்லாக்கீதுன்னீங்களே" என்றாள்.

நானாயிருந்தால் எழுந்து வெளியே போயிருப்பேன். அவர் போகவில்லை. "அஞ்சாம் மாசத்துல எல்லாப் புள்ளைக்கும் மூளை வழவழன்னுதாம்மா இருக்கும். மடிப்பு விழறதே அப்பறந்தான். ஏழாம் மாசம் இன்னொரு தடவ பாத்திருந்தா தெரிஞ்சிருக்கலாம். உன்னக் கூப்பிடணும்னு எனக்குத் தோணல" என்றார். இத்தனை தெளிவாகத் தன்னைப் பற்றிச் சொல்லக்கூடிய ஒருவருக்கு உள்ளே நடுக்கமே இருக்காது என்று அன்று நான் முடிவுசெய்தேன்.

மூன்று ஆண்டுகளுக்கு முன் ஒரு மார்கழியில் பரிமளா மறுபடியும் வந்தாள். கர்ப்பமானது தெரிந்தும், பயத்தில் முதல் மாதங்களில் ஸ்கேனுக்கே போகவில்லை. ஊர் நர்ஸ் எழுதிக்கொடுத்த அட்டையில் இருபத்தாறு வாரம் என்று இருந்தது. வேறோர் ஊரில் எடுத்த ஸ்கேனில் தலை சிறியதாக இருப்பதாகச் சொல்லி எம்.ஆர்.ஐ.க்கு எழுதியிருந்தார்கள். டாக்டர் சாந்திமதி மூன்று நாள் விடுப்பில் இருந்தார். படத்தை நானே எடுத்தேன்.

மூளை வழவழவென்று இருந்தது. முதலில் விழும் மடிப்புகளில் ஒன்றான பக்கவாட்டுப் பள்ளம் இருபத்தாறு வாரத்துக்கு மிகவும் ஆழமற்றிருந்தது. பின்புற வரிப்பள்ளமும் சரியாகத் தெரியவில்லை. தலை, தொடையெலும்பு இரண்டுமே ஐந்து வாரம் பின்தங்கியிருந்தன. வளர்ச்சிக் குறைவும் சேர்ந்திருப்பதாக எடுத்துக்கொண்டேன். அக்காள் யாழினிக்கு இருந்த நோய் என் மனத்தில் ஏற்கெனவே உட்கார்ந்திருந்தது. லிஸ்ஸென்செபலி என்று எழுதி, கையெழுத்திடாமல் வைத்தேன். குமரேசன் என் முகத்தைப் பார்த்தே புரிந்துகொண்டார். இருபத்து நான்கு வாரம் தாண்டிவிட்டதால் கலைப்பதென்றால் மருத்துவக் குழுவிடம் போக வேண்டும், அதற்கு என்னென்ன தாள்கள் வேண்டும் என்று தாழ்ந்த குரலில் கேட்டார். இன்னொரு யாழினியைத் தூக்கிச் சுமக்கத் தன் மனைவியின் முதுகில் பலமில்லை என்றார்.

திங்கட்கிழமை டாக்டர் வந்ததும் படத்தைக் காட்டினேன். பாதி பார்த்தவர் திரையிலிருந்து முகத்தைத் திருப்பிக்கொண்டு, பரிமளாவை வரச் சொன்னார்.

"ஆடிக்கு எங்கம்மா இருந்த?"

"தாமல்ல, எங்கம்மா வூட்டுல. யாழினிக்கு வேண்டிக்கினு மாசம் பூரா காப்பு கட்டிக்கினு இருந்தேன்."

"காப்பு கட்டினா தூரம் வரக்கூடாதே. தள்ளிப் போக மாத்திரை போட்டியா?"

பரிமளா தலையைக் குனிந்துகொண்டாள். "போட்டேன்."

"நிறுத்தினப்பறம்?"

"ஆவணி பொறந்ததும் வந்துது. அது மாத்திரையால வந்ததுதானேன்னு கணக்குல சேக்கல. ஆனி கடைசில வந்ததத்தான் நர்சம்மாகிட்ட சொன்னேன்."

அவர் என் பக்கம் திரும்பினார். "புள்ளைக்கு நாம அஞ்சு வாரம் வயசக் கூட்டிட்டோம் சார். வளராத புள்ள இல்ல இது. அந்த வயசே ஆகாத புள்ள."

ஆடி முழுதும் கணவனைப் பிரிந்து விரதம் இருந்தவளுக்குக் கரு தரித்திருக்க முடியாது. அப்படியானால் அது இருபத்தொரு வாரக் குழந்தை. அந்த வயதில் மூளை வழவழவென்றுதான் இருக்கும். பாடப்புத்தகத்தில் நான் நூறு முறை படித்தது. படிக்காதது, ஒரு தாய் தன் மகளுக்காக எடுத்த விரதம் அடுத்த குழந்தையின் வயதை மாற்றி எழுதிவிடும் என்பது.

ஆனால் அத்துடன் தீரவில்லை. நல்ல மூளை என்று இப்போது சொல்லவும் வழியில்லை. ஐந்து வாரம் காத்திருந்தால்தான் தெரியும். காத்திருந்தால் இருபத்து நான்கு வாரம் கடந்துவிடும். குமரேசன் அதைத்தான் கேட்டார்: "அப்பவும் அதே மாதிரி இருந்துச்சுன்னா என்னா பண்றது டாக்டரம்மா?" முடிவு அவர்களுடையது என்று டாக்டர் சொன்னார். குமரேசன் விடவில்லை. நீங்களாயிருந்தா என்ன செய்வீங்க என்றார். "நான் காத்திருப்பேன்பா" என்றார் அவர். குரலில் ஒரு சின்ன அசைவுகூட இல்லை.

காத்திருந்தார்கள். அந்த நாட்களில் அவர் பாலில்லாத காப்பி குடிக்கத் தொடங்கினார். பத்து மணிக் காப்பியை ஒன்றாகக் குடிப்பது எங்கள் வழக்கம். அவர் டம்ளரில் கருப்பாக இருப்பதைக் கவனித்துக் கேட்டேன். "வயிறு சரியில்ல சார்" என்றார். மோர் சாப்பிடச் சொன்னேன். சரி என்றார்.

மாசியில் மறுபடம் எடுத்தோம். பக்கவாட்டுப் பள்ளம் ஆழமாகி, அதன் உதடுகள் மூடத் தொடங்கியிருந்தன. பின்னால் வரிப்பள்ளம் கோடு போட்டதுபோலத் தெரிந்தது. அவர் நாற்காலியில் சாய்ந்துகொண்டு, "கொசுவம் விழுந்துடுச்சு சார்" என்றார். என் பழைய அறிக்கையை நான் கிழிக்கப் போனேன். கையைப் பிடித்து நிறுத்தினார். "கிழிக்காதீங்க. கீழ திருத்தம்னு போட்டு எழுதுங்க. எப்படித் தப்பினோம்னு தெரியணும்." வைகாசியில் ஆண் குழந்தை பிறந்தது.

இனி அவரிடமிருந்து நான் எதை வைத்துக்கொள்கிறேன் என்று சொல்ல வேண்டும். திருநாளைக் கேட்கும் பழக்கத்தை. இப்போது பேத்தி காய்ச்சல் என்று வந்தால்கூட, எத்தனை நாளாக என்று கேட்பதில்லை, எந்தப் பண்டிகைக்குப் பிறகு என்று கேட்கிறேன். சிரிக்கிறாள். கையெழுத்திடுமுன் ஒருமுறை திரையிலிருந்து முகத்தைத் திருப்பி ஆளைப் பார்ப்பதையும் வைத்துக்கொள்கிறேன், ஓய்வுபெற்றுவிட்ட எனக்குக் கையெழுத்திட இனி எதுவும் இல்லாவிட்டாலும்.

இதுவரை எழுதியது அவர் மறைந்த மூன்றாம் நாள். நான்காம் நாள் அவர் வீட்டுக்குப் போனேன். பரிமளா மகனோடு வந்திருந்தாள். யாழினியைக் குமரேசன் வீட்டில் பார்த்துக்கொள்கிறாராம். பேச்சு எங்கெங்கோ போய்க் காப்பிக்கு வந்தது. அப்போது சொன்னாள்:

"இவனுக்குக் கழுத்து நிக்கற வரைக்கும் டாக்டரம்மா வாரா வாரம் வந்துக்கினே இருந்தாங்க சார். ஒருநா குப்புறப் படுத்துக்கினு இருந்தவன் தலயத் தூக்கி அவங்களப் பாத்துட்டான். அப்பிடியே தரையில உக்காந்துட்டாங்க. பாலு ஊத்தி ஒரு காப்பி குடுமான்னாங்க. மார்கழிலயே பால விட்டுட்டாங்களாம். புள்ள தலய நிமித்தாம தொடறதில்லன்னு. 'நான் சொன்னது தப்பாப் போயிருந்தா உன் முகத்துல எப்படிம்மா முழிப்பேன்'னு அழுதாங்க."

எட்டு மாதம். தினமும் பத்து மணிக்கு எதிரில் உட்கார்ந்து அந்தக் கருப்புக் காப்பியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். மோர் சாப்பிடச் சொன்னேன்.

மேலே எழுதியதை அடித்துவிட்டுப் புதிதாக எழுதலாம் என்றுதான் முதலில் தோன்றியது. அவர் கற்றுக்கொடுத்த முறை அதுவல்ல. ஆகவே கீழே எழுதுகிறேன்.

திருத்தம்: தொடக்கத்துப் பட்டியலில் ஐந்தாவது குறிப்பு தவறு.