ரேடியோவின் ஸ்டூல்

மருந்துப் பெட்டி மடிக்கும் அந்தக் கூடத்தில் அவளைப்போல மோசமாகப் பெட்டி மடித்தவர் அவளுக்கு முன்னும் கிடையாது, பின்னும் கிடையாது. இதைச் சொல்பவர்கள் அவளைப் பிடிக்காதவர்கள் இல்லை. அவள்மேல் உயிரையே வைத்திருப்பவர்கள்தான் சொல்கிறார்கள், சொல்லிவிட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறார்கள். அவள் மடித்த பெட்டி ஒரு பக்கம் சாய்ந்து, பல்வலிக்காரன் கன்னம்போல ஒரு மூலை வீங்கி நிற்குமாம். இருமல் மருந்துக்குச் செய்த பெட்டிக்கே இருமல் வந்ததுபோல இருக்கும்.

அவளுக்கு இப்போது பேர் ரேடியோ. பெற்றவர்கள் வைத்த பேர் ஒன்று இருக்கத்தான் செய்கிறது. சம்பள நாளன்று அதைச் சொல்லிக் கூப்பிட்டால், யாரையோ கூப்பிடுகிறார்கள் என்று சும்மா உட்கார்ந்திருப்பாள்.

எட்டாம் வகுப்போடு படிப்பு நின்றது. படிக்கிற ஆசை மட்டும் நிற்கவில்லை, சொல்லிக்கொள்ளாமல் கூடவே வந்துவிட்டது. கூடத்தில் சேர்ந்த புதிதில் எல்லாரும் வெட்டிய அட்டையை எடுத்து, கோட்டில் மடித்து, ஓரத்தில் பசை தடவி, அழுத்தி, பலகைக்கு அடியில் வைப்பார்கள். இவள் அட்டையைக் கையில் பிடித்துக்கொண்டு, பசை சிந்தாமல் இருக்க மேஜையில் விரித்த பழைய பத்திரிகையைப் படித்துக்கொண்டிருப்பாள். ஒருநாள் தன்னை மறந்து வாய்விட்டே படித்துவிட்டாள். ஏதோ ஒரு தொடர்கதையின் நடுப்பகுதி. கப்பல் கவிழ்கிறது, இளவரசன் பலகை ஒன்றைப் பிடித்துக்கொண்டு மிதக்கிறான், கீழே எதுவோ அவன் காலைப் பிடித்து இழுக்கிறது...

அப்படியே நிறுத்திவிட்டாள்.

எதிரே இருந்த பெரியக்கா தலையைத் தூக்கினார். கூடத்திலேயே மூத்தவர், வேகமான கை, அதைவிட வேகமான வாய். "மீதி எங்கடி?"

"மீதிமேலதான் நீங்க பசைச் சட்டிய வச்சிருக்கீங்கக்கா."

சட்டி நகர்ந்தது. காலைப் பிடித்து இழுத்தது என்ன என்று தெரிகிறவரை ஒருவரும் எழுந்து தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. ஆனால் மடிப்பு மட்டும் நடந்தது, வழக்கத்தைவிட ஒழுங்காகவே நடந்தது. சாயங்காலம் பெரியக்கா தீர்ப்புச் சொன்னார்: "நீ மடிச்சு நாங்க பிரிச்சு மறுபடி மடிக்கிறதுக்கு, உன் பங்கையும் நாங்களே மடிச்சிடறோம். நீ பேசாம படி." அட்டை வெட்டும் மெஷினில் நிற்கிற கத்திரி அண்ணன் சிரித்தார். "பேசாம எப்படிக்கா படிக்கிறது?" அன்றைக்கு ஒரு ஸ்டூல் வந்தது. அதற்கு ஒரு கால் குட்டை. அட்டைத் துண்டை மடித்து முட்டுக் கொடுத்தார்கள். அந்தத் துண்டை அவளே மடித்ததால் ஸ்டூல் இன்னும் கொஞ்சம் ஆடியது.

அப்போது இருந்த மேஸ்திரி கண்டும் காணாமல் இருந்துவிட்டார். பெட்டி நன்றாக வருகிறது, ஆட்கள் சண்டை போடுவதில்லை. சும்மா இருக்கிற சங்கை அவர் ஏன் ஊதப் போகிறார்?

ரேடியோ படித்தது மூன்று தினுசுப் புத்தகங்கள். வண்டி ஓட்டுகிற அவள் வீட்டுக்காரர், பழைய புத்தகக் கடைப் பக்கம் சவாரி போனால் வாங்கி வருவார். ஒன்று மாயாஜால சாகசம்: பறக்கிற குதிரை, ஏழு கடல், மலையை விழுங்கிவிட்டு ஏப்பம் விடுகிற பூதம். இன்னொன்று, சிறுகதை என்ற சரக்கு புதிதாக இருந்த காலத்தில் எழுதிய கதைகள். மெல்லிசான புத்தகம், பழைய நடை, ஒரு வாக்கியம் மூச்சு வாங்காமல் ஒரு பக்கம் ஓடும். மூன்றாவது, அரசியல் தலைவர்களின் வாழ்க்கை வரலாறு. செங்கல் கனம், நடுவில் பளபளவென்று போட்டோ. புரியாத வார்த்தை வந்தால் மறைக்கமாட்டாள். "இது எனக்குத் தெரியலை, தாண்டிப் போறேன்" என்பாள். "தலைவரே தாண்டலை, நீ எப்படித் தாண்டுவ?" என்று கத்திரி அண்ணன் மல்லுக்கு நிற்பார். பிறகு கூடமே சேர்ந்து அந்த வார்த்தைக்கு ஒரு அர்த்தம் கண்டுபிடிக்கும். அது சரியா என்பது வேறு விஷயம்.

காலையில் சமையலறையில் சத்தமாகப் படித்துப் பழகுவாள். வீட்டுக்காரர் சட்டை பட்டனைப் போட்டுக்கொண்டே கெஞ்சுவார். "தலைவர் கதைன்னா படி, கேட்டுக்கறேன். பூதம் மட்டும் வேணாம். வீட்டுல ஒண்ணு போதும்." கரண்டி பறந்து வரும். அவருக்குக் குனிந்து பழக்கம்.

எந்த வேலைக்கு எந்தப் புத்தகம் என்பதை அவள் பட்டுத்தான் தெரிந்துகொண்டாள். அதற்குள் மடிப்புக்கு ஒரு நாள், பசைக்கு ஒரு நாள், சரிபார்க்க ஒரு நாள் என்று வேலையைப் பிரித்திருந்தார்கள். பசை தடவுகிற நாளொன்றில் ஒரு பழைய சிறுகதையைப் படித்தாள். ஒரு வீட்டில் புருஷனும் பெண்டாட்டியும் பல வருஷமாக நேருக்கு நேர் பேசுவதில்லை. கூண்டுக் கிளியிடம் சொல்வார்கள்: "கிளியே, அவருக்குச் சோறு ஆறுது." "கிளியே, எனக்குப் பசிக்கலைன்னு சொல்லு." ஒருநாள் கிளி செத்துப்போகிறது. அவ்வளவுதான் கதை. படித்து முடித்து நிமிர்ந்தால், கூடத்தில் ஒரு கை அசையவில்லை. பசை காய்ந்து, பிரஷ் சட்டியோடு ஒட்டி, அட்டைகள் மேஜையோடு ஒட்டி, அன்றைய வேலை பாழ். பெரியக்கா வீட்டுக்குப் போய், முகம் பார்த்துப் பேசி வருஷக்கணக்காகியிருந்த மருமகளிடம் "சாப்டியா?" என்று கேட்டாராம். மருமகள் பயந்துபோய் மாமியாருக்குக் காய்ச்சலா என்று நெற்றியைத் தொட்டுப் பார்த்தாளாம்.

அதிலிருந்து சட்டம் போட்டாள். மடிப்பு நாளுக்குப் பூதமும் குதிரையும், கை தாளம் போட்டுக்கொண்டு ஓடும். மடித்ததைச் சரிபார்க்கிற நாளுக்குச் சிறுகதை, கை நின்றாலும் நஷ்டமில்லை. பசை நாளுக்குத் தலைவர்தான். அவர் பாட்டுக்கு நிதானமாகப் பிறப்பார், படிப்பார், ஜெயிலுக்குப் போவார், பசையும் நிதானமாக ஒட்டும். இன்னொன்றும் கண்டுபிடித்தாள். காது கதையில் இருந்தால் கை தன் வேலையைத் தானே பார்த்துக்கொள்ளும். மனசு இறங்கிவந்து கையைப் பிடித்து நடத்த ஆரம்பித்தால்தான் வம்பு. படியிறங்கும்போது காலைப் பற்றி யோசித்தவன் கதை என்ன ஆகும்? அதே கதிதான்.

இப்படிப் போய்க்கொண்டிருந்தபோது மேஸ்திரி ஓய்வு பெற்றார், புது மேனேஜர் வந்தார். கண்ணாடி அறை, உள்ளே மெத்தை வைத்த நாற்காலி, மேஜையில் ஒரு பூச்செடி. கெட்ட மனுஷன் இல்லை. ஆனால் ஸ்டூலைப் பார்த்தார்.

"இவங்க என்ன வேலை செய்யறாங்க?"

"படிக்கிறாங்க சார்."

"யாருக்கு பரீட்சை?"

கூடம் விளக்கியது. அவர் பொறுமையாகக் கேட்டார். "பாட்டு வேணும்னா ஸ்பீக்கர் மாட்டித் தர்றேன். ஆளுக்கு ஆள் வேலை செய்யணும்ல? நாளைக்குப் பெரிய லோடு போகுது. சாயங்காலத்துக்குள்ள அது முழுசா முடிஞ்சா ஸ்டூல் இருக்கட்டும். குறைஞ்சா ஸ்டூலை எடுத்துடுவேன். இவங்களும் மேஜைக்கு வந்துடணும்."

மேஜைக்கு வருவது என்றால் என்ன அர்த்தம் என்று எல்லாருக்கும் தெரியும். அவள் மடிப்புக்கு ஒரு மாதம் தாங்கினால் அதிசயம். அப்புறம் வேலையே போய்விடும்.

மறுநாள் பசை நாள். ரேடியோ ஸ்டூலில் ஏறித் தலைவரைத் திறந்தாள். அவரைக் கைது பண்ணுகிற இடம், கூடத்துக்கு ரொம்பப் பிடித்த இடம். வழக்கமாக இந்த இடத்தில் கத்திரி அண்ணன் "விடாத தலைவா!" என்பார். பெரியக்கா எதிர்க்கட்சிக்காரனுக்குச் சாபம் விடுவார், அவன் செத்து எத்தனையோ காலம் ஆகியும். இன்றைக்கு ஒரு சத்தமும் இல்லை. தலைகள் குனிந்திருக்கின்றன. பிரஷ் பறக்கிறது. பெட்டிகள் மலைபோல ஏறுகின்றன. பெரியக்காவின் உதடு மட்டும் அசைகிறது. எண்ணுகிறார்.

ரேடியோவுக்கு இது சரியாகப் படவில்லை. நல்ல குறும்புக்காரி, ஒரு கல்லை எறிந்து பார்த்தாள். முகத்தில் ஒரு மாற்றமும் இல்லாமல், புத்தகத்தைப் பார்த்தபடியே படித்தாள்:

"சிறைக் கதவு திறந்தது. உள்ளே வந்தது காவலர் அல்ல, மூன்று தலை நாகம். தலைவர் சற்றும் அஞ்சாமல், 'தாங்கள் எந்தக் கட்சி?' என்று வினவினார். முதல் தலை ஒரு கட்சியைச் சொன்னது. இரண்டாம் தலை அதற்கு எதிர்க்கட்சியைச் சொன்னது. மூன்றாம் தலை, 'நான் இன்னும் முடிவு செய்யவில்லை' என்றது."

ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. ஒருவர்கூட நிமிரவில்லை.

கண்ணாடி அறைக் கதவு மட்டும் திறந்தது. மேனேஜர் வெளியே வந்தார், கையில் பேனா மூடி.

"ஒரு நிமிஷம்மா. ஜெயிலுக்குள்ள பாம்பு எப்படி வந்துச்சு?"

கூடம் தலையைத் தூக்கியது. "எந்தப் பாம்பு?" என்றார் கத்திரி அண்ணன்.

"என்ன பாம்பு? எங்கடி பாம்பு?" என்று பெரியக்கா காலைத் தூக்கி பெஞ்சில் வைத்துக்கொண்டார்.

ரேடியோ ஸ்டூலிலிருந்து இறங்கினாள். பெரியக்காவின் குவியலிலிருந்து ஒரு பெட்டியை எடுத்துத் திருப்பினாள். மூடி திறக்க வேண்டிய பக்கம் பசை போட்டு ஒட்டியிருந்தது. அடிப்பக்கம் வாயைப் பிளந்துகொண்டிருந்தது. அடுத்த குவியலில் ஒன்று எடுத்தாள். அதுவும் அப்படியே. அவசரத்தில் ஒருவர் அட்டையைத் தலைகீழாக வைக்க, பக்கத்தில் இருந்தவர்கள் அதைப் பார்த்தே அடுக்கியிருக்கிறார்கள்.

மேனேஜர் இன்னும் பாம்பிலேயே நின்றார். சும்மா விளையாட்டுக்குச் சொன்னேன் சார் என்று சிரித்தால் போதும். லோடு நேரத்துக்கு முடியும், லாரி போகும், ஸ்டூல் தங்கும். தலைகீழ்ப் பெட்டி என்றைக்கோ எங்கேயோ யாருடைய தலையிலோ விடியும். பெரியக்கா அவளைப் பார்த்தார். அந்தப் பார்வைக்கு அர்த்தம்: வாயை மூடுடி.

வாயை மூடத் தெரிந்தால் அவளுக்கு ஏன் ரேடியோ என்று பேர் வைக்கப் போகிறார்கள்?

"சார், பாம்பை விட்டு சும்மா சோதிச்சுப் பார்த்தேன். யாரும் கேக்கலை. காது இங்க இல்லைன்னா கையும் சரியா இருக்காது. பெட்டியைப் பாருங்க."

பார்த்தார். ஒவ்வொரு குவியலாகப் பார்த்தார். பேனா மூடியைச் சட்டைப்பைக்குப் பதில் காற்றில் சொருகினார், அது கீழே விழுந்தது.

"உன்னைக் காப்பாத்தத்தானடி இப்படி ஓடினோம்" என்று பெரியக்கா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டார்.

"தெரியும்க்கா. இவ்வளவு ஆசையா யாரும் தப்பு பண்ணி நான் பார்த்ததே இல்லை." கையிலிருந்த தலைகீழ்ப் பெட்டியைத் தனியாக ஒதுக்கி வைத்தாள். "இனிமே யாரும் எண்ணாதீங்க. தோத்தாச்சு. தோத்தவங்களுக்கு என்ன அவசரம்? கதையைக் கேளுங்க."

தலைவரை மறுபடி கைது பண்ணினாள். இந்தத் தடவை கத்திரி அண்ணன் மெதுவாக, "விடாத தலைவா" என்றார். எதிர்க்கட்சிக்காரன் வாங்க வேண்டிய சாபத்தை வாங்கினான். பெட்டிகள் நேராக வந்தன. சாயங்காலம் லாரி வந்து நின்றபோது லோடு குறைவாகத்தான் இருந்தது.

"குறையுது" என்றார் மேனேஜர்.

"ஆமா சார்" என்றாள் ரேடியோ.

அவர் சொன்ன சொல் தவறாத ஆள். ஸ்டூலைத் தூக்கிக்கொண்டு கண்ணாடி அறைக்குள் போனார். முட்டுக் கொடுத்த அட்டைத் துண்டு மட்டும் தரையில் கிடந்தது.

மறுநாள் காலை, எந்தப் புத்தகமும் எடுக்காமல் வந்தாள். முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு, பெரியக்கா பக்கத்தில் இடம் போடச் சொன்னாள். யாரும் நகரவில்லை. எல்லாரும் அவளுடைய பழைய இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அங்கே மெத்தை வைத்த நாற்காலி ஒன்று கிடந்தது.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம், குட்டைக்கால் ஸ்டூலில் மேனேஜர் ஆடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கதவைத் திறந்து தலையை மட்டும் நீட்டினார்.

"ஸ்டூலை எடுப்பேன்னு சொன்னேன், எடுத்துட்டேன். அந்தப் பெட்டி எல்லாம் லாரியில போயிருந்தா என் நாற்காலியும் கூடவே போயிருக்கும். அதான் இப்பவே வெளியே அனுப்பிட்டேன்." கதவை மூடப் போனவர் மறுபடி திறந்தார். "அந்த மூணாவது தலை, கடைசியில முடிவு பண்ணிச்சா இல்லையா? ராத்திரி பூரா அதே யோசனை."

"சார், புத்தகத்துல பாம்பே இல்லை சார்."

"அது உங்களுக்குத் தெரியும். என்கிட்ட சொன்ன பாம்புக்கு ஒரு வழி சொல்லுங்க."

ரேடியோ நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தாள். மெத்தை ஒரு பெருமூச்சு விட்டது. பின்னால் சாயப் பழக்கமில்லாமல் முதுகை விறைப்பாக வைத்துக்கொண்டு, இல்லாத புத்தகத்தை மடியில் விரிப்பதுபோலக் கையை விரித்தாள். பெரியக்கா பிரஷைப் பசையில் தோய்த்தார்.

"எங்களுக்கு அந்தப் பாம்பைச் சொல்லவே இல்லையேடி. முதல்லேர்ந்து படி."