பாட்டு போடாத கேசட்

கள்ளக்குறிச்சியில் ஒரு வீடியோ கடையில் பழைய கேசட்டுகளைப் பாதுகாத்து, கம்ப்யூட்டருக்கு மாற்றிக் கொடுப்பது என் வேலை. அதாவது, ஊரார் கல்யாணங்களையெல்லாம் சாப்பாடு இல்லாமல் பார்ப்பது. பரணில் கேசட்டைப் போட்டுவிட்டு மறந்துபோன உங்களுக்கு என் பாடு சொல்லாமலே புரியும்.

வெயில் வைத்தியம்

கச்சிராயபாளையத்திலிருந்து டவுன் பஸ் பிடித்து செல்வி அக்கா வந்தார். கையில் அவருடைய கல்யாணக் கேசட். கல்யாணம் முடிந்த வருஷமே அவர் அப்பா போய்விட்டாராம். "மூஞ்சி போட்டோவுல கீது தம்பி. கொரல்தான் மறந்துகினே வருது. இதுல எங்கனா பேசியிருப்பாரு, எடுத்துக் குடு" என்றார்.

கேசட்டைத் திறந்தேன். அடுத்தடுத்து நாலு தும்மல். நாடாவில் பூஞ்சை, உள்ளே மிளகாய் விதை, வளைந்துபோன பிளாஸ்டிக். மொட்டை மாடியில் மிளகாயோடு சேர்த்துக் காயவைத்திருக்கிறார். "ஏங்க்கா இப்படி?" என்றேன்.

"பருப்புல பூச்சி வெச்சா வெயில்லதான போடுவோம்? இதுக்கு மட்டும் இன்னா, ஊசியா போடுவாங்க?"

வாயசைக்கும் அப்பா

நாடாவை வேறு டப்பாவுக்கு மாற்றி, துடைத்துத் துடைத்து ஒருவழியாக ஓடவிட்டேன். பந்தலில் அப்பா வந்தார். வாயைத் திறந்தார். சினிமாப் பாட்டு வந்தது. பேச்சையெல்லாம் எடுத்துவிட்டு, முதலிலிருந்து கடைசி வரை பாட்டுப் போட்டுக் கொடுப்பதுதான் அப்போது வழக்கம். இந்தக் கல்யாணத்தை எடுத்த எங்கள் கடையே செய்த புண்ணியம். அக்கா டிவியை முறைத்தார்.

"வாயசைக்கறது எங்கப்பா, பாடறது எவனோ. அவனக் கொஞ்சம் வாய மூடச் சொல்லு தம்பி."

பெயரில்லாத அலமாரி

பாட்டுப் போடுவதற்கு முன் எடுத்த மூலக் கேசட் கிடைத்தால்தான் உண்டு. ஆனால் அதன்மேலேயே அடுத்த விசேஷத்தை எடுத்துவிடுவார்கள். போதாததற்கு எங்கள் முதலாளி கேசட்டில் ஆள் பெயரே எழுதமாட்டார். 'கரண்ட் போனது', 'மாப்ள முறைச்சிகினது' என்றுதான் எழுதுவார்.

"உங்க கல்யாணத்துல ஏதாச்சும் நடந்துச்சாக்கா?"

"ஒண்ணும் நடக்கல" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். அப்புறம் மெல்ல ஒத்துக்கொண்டார்: மாலையை ஆடு தின்றுவிட்டது. உள்ளேயிருந்து முதலாளி துள்ளி வந்தார்.

"அட, அந்த ஆடு கல்யாணமா! பொண்ணு பேர மறப்பேன்மா, அந்த ஆட்ட மறப்பனா?"

மிச்சமிருந்த கொஞ்சம்

'ஆடு' கிடைத்தது. போட்டால், யாரோ ஒரு குழந்தைக்குக் காது குத்துகிறார்கள். குத்திக்கொண்டே இருக்கிறார்கள். அக்கா முந்தானையை முறுக்கியபடி உட்கார்ந்திருந்தார். திடீரென்று காதுகுத்துக் காட்சி நின்று, அழியாமல் மிஞ்சிய கல்யாணப் பந்தல் தெரிந்தது. ஆட்டின் வாயில் பாதி மாலை. கூட்டமே சிரிக்க, மணவறையில் அக்கா அழுகிறார். அதை விட்டுவிட்டு கேமரா ஆட்டையே சுற்றுகிறது. பக்கத்தில் ஒரு கரகரத்த குரல்: "யோவ் கேமரா! எம்பொண்ணு அழுவுது, நீ இன்னாய்யா ஆட்ட எடுத்துகினு கீற? அந்தாண்ட திருப்பு!"

அக்கா சிரித்தார். கண்ணீர் அதுபாட்டுக்கு இறங்கியது.

"கேமராவயே அதட்றாரு பாரு! இன்னொரு தபா அதட்டச் சொல்லு தம்பி."

'இத மட்டும் வெட்டிடுங்க' என்று கல்யாண வீட்டார் கைகாட்டும் இடத்தைத்தான் இப்போதெல்லாம் நான் முதலில் எடுத்துப் பத்திரப்படுத்துகிறேன். பின்னாளில் பஸ் பிடித்து வந்து அவர்கள் கேட்கப்போவது அதைத்தான்.